பிர்ச் மரத்துல ஒரு கரண்டி, அதோட பட்டையில ஒரு குவளை: பச்சை மரத்துல இருந்து முழு வழிகாட்டி

மரம்னா வெட்டி, அடுக்கி, நல்லா காய வெச்சு, அதுக்கப்புறம்தான் உளி படணும்னு ஊர்ல ஆசாரிங்க சொல்லக் கேட்டு வளர்ந்தவன் நான். பின்லாந்து வந்த ரெண்டாவது வருஷம், பக்கத்து வீட்டு பெரியவர் அன்னைக்கு காலையில தன் காட்டுல சாய்ச்ச பிர்ச் மரத்துல இருந்து ஒரு முழக் கட்டையை எடுத்து கோடாலியால பொளந்து பாதியை என் கையில குடுத்தாரு, சில்லுன்னு இருந்துச்சு, பொளந்த முகத்துல விரலை வெச்சா ஈரம் ஒட்டுது, சாயங்காலம் காபி போடுற நேரத்துக்குள்ள அதுல ஒரு கரண்டி பண்ணி மேசை மேல வெச்சுட்டாரு. காய்ஞ்ச பிர்ச்சுல இதே வேலையை நான் அப்புறம் ஒரு தடவை முயற்சி பண்ணேன், ரெண்டு நாள் ஆச்சு, உள்ளங்கை கொப்புளிச்சுப் போச்சு. பச்சையா இருக்கும்போது முள்ளங்கி சீவுற மாதிரி கத்தி போகுது.

அதனால இதுல சொல்லப்போறது முழுக்க பச்சை மர வேலைதான். ஒரே மரத்துல இருந்து ஒரு சமையல் கரண்டி, அதோட பட்டையில தண்ணி மொண்டு குடிக்கிற ஒரு குவளை. நடுநடுவுல இந்த மரத்தைப் பத்தி இங்க உள்ள ஜனங்க சொல்ற கதையும் வரும். அதைத் தனியா ஒதுக்கி வைக்க எனக்கு மனசு வரல, ஏன்னா அந்தக் கதையில பாதி கைவேலைக் குறிப்புதான்.

எந்த பிர்ச்சுன்னு முதல்ல பாருங்க

பின்லாந்துல மரமா வளர்ற பிர்ச் ரெண்டு. ஒண்ணு ரவுதுஸ்கோய்வு, வெள்ளி பிர்ச். 1988ல ஓட்டெடுப்பு வெச்சு தேசிய மரமா தேர்ந்தெடுத்தது இதைத்தான். இன்னொண்ணு ஹியெஸ்கோய்வு, இளங்கொப்புல மெல்லிசா பூனைமுடி மாதிரி இருக்கும், ஈரமான சதுப்பு நிலத்துல நல்லா வளரும். வித்தியாசம் தெரிய கொப்பைத் தொட்டுப் பாருங்க. வெள்ளி பிர்ச்சோட இளங்கொப்புல பொடிப்பொடியா மரு மாதிரி சொரசொரப்பு இருக்கும், கிளை நுனி எல்லாம் தொங்கும், இலை முக்கோணமா ஓரத்துல பெரிய பல்லும் சின்னப் பல்லும் கலந்து இருக்கும், வயசான மரத்தோட அடியில பட்டை கறுப்பா ஆழமா வெடிச்சிருக்கும். ஹியெஸ்கோய்வு இலை கொஞ்சம் உருண்டை, அடி வரைக்கும் பட்டை ஓரளவு வழவழப்பு.

கரண்டிக்கு ரெண்டும் ஆகும். பட்டைக்கும் ரெண்டும் ஆகும். மரம் நேரா இருக்கா, கணு கம்மியா, பட்டையில இருக்குற குறுக்குக் கோடுங்க சின்னதா மெல்லிசா இருக்கான்னு மட்டும் பாருங்க. அந்தக் கோடு வழியாத்தான் மரம் மூச்சு விடுது, அதே கோட்டுலதான் பட்டை கிழியும், கோடு நீளமா தடிப்பா இருந்தா மடிக்கும்போது கண்டிப்பா வெடிக்கும்.

காய்ஞ்ச பிர்ச் ஒரு கன மீட்டருக்கு 600ல இருந்து 650 கிலோ வரைக்கும் வரும். துளைங்க எல்லாம் பொடியா மரம் முழுக்க சீரா பரவி இருக்கும், அதனால எந்தப் பக்கம் சீவினாலும் ஒரே மாதிரி வழவழப்பு வரும். வாசனையும் ருசியும் மரத்துல இருந்து சாப்பாட்டுக்கு இறங்காது, கரண்டிக்கு இதைவிட என்ன வேணும். பின்லாந்து வடிவமைப்பாளர் ஆல்வார் ஆல்ட்டோ 1933ல வடிவமைச்ச அந்த மூணு கால் முக்காலியோட காலும் பிர்ச்தான், கட்டையோட ஒரு முனையை வாள் போட்டு பிளவு பிளவா அறுத்து, அந்தப் பிளவுல மெல்லிய தகடுங்களைப் பசை வெச்சு சொருகி, அப்புறம் வளைச்சாரு.

பிர்ச்சோட பலவீனம் ஒண்ணே ஒண்ணு. சீக்கிரம் உளுத்துப்போகும். வெளிய வெயில் மழையில நிக்குற எதையும் இதுல பண்ணாதீங்க. பட்டையோட விட்டா இன்னும் மோசம், ஏன்னா அந்தப் பட்டை தண்ணியை உள்ள விடாது, அதே மாதிரி வெளியவும் விடாது. இது தெரியாம முதல் வருஷம் அஞ்சாறு உருண்டைக் கட்டையை அப்படியே ஷெட்டு ஓரமா அடுக்கி வெச்சேன், கோடை முடிஞ்சு போய் பொளந்தா வெளிய பட்டை பளபளன்னு வெள்ளையா இருக்கு, உள்ள மரம் சோள மாவு மாதிரி உதிருது. அவ்வளவு நல்ல கட்டை, இன்னைக்கும் நினைச்சா மனசு ஆறல. விறகுக்குக்கூட இங்க உள்ளவங்க வெட்டின உடனே பொளந்துதான் அடுக்குவாங்க. ஆனா தண்ணி விடாத இதே குணத்துக்காகத்தான் பழைய காலத்து நார்டிக் வீட்டுக் கூரையில பலகைக்கு மேல பிர்ச் பட்டையை அடுக்கடுக்கா பரப்பி அதுக்கு மேல புல்மண்ணைப் போட்டாங்க.

விசாகோய்வுன்னு ஒரு வகை இருக்கு, மரத்துக்குள்ள பழுப்புக் கீறலும் நெளியுமா அவ்வளவு அழகு, அதை எடை போட்டு கிலோ கணக்குல விக்கிறாங்க. ஃபேபெர்ஷே நகைப் பட்டறையில சிகரெட் டப்பாவுக்கும் போட்டோ சட்டத்துக்கும் வாங்கினது அந்த வகைதான். முதல் கரண்டிக்கு அதைத் தொடாதீங்க, நார் கண்டபடி ஓடும். அதே மாதிரி மரத்துல கழலை மாதிரி புடைச்சு நிக்கிற பஹ்காவும் இப்போ வேணாம். அதுலதான் வடக்குல வாழுற சாமிங்குற பழங்குடி மக்கள் குக்சாங்குற கைப்பிடி வெச்ச குவளை குடைவாங்க. அது இன்னொரு நாள் வேலை.

கேட்டுட்டு எடுங்க

பின்லாந்துல யார் காட்டுலயும் நடக்கலாம், காட்டுப்பழம் பறிக்கலாம், காளான் எடுக்கலாம், அது எல்லாருக்குமான உரிமை. ஆனா உயிரோட நிக்கிற மரத்தோட கிளை, பட்டை, சாறு, இது எதையும் நிலத்துக்காரரைக் கேக்காம எடுக்கக் கூடாது. பட்டை உரிச்ச இடம் ஆயுசுக்கும் கறுப்பா தழும்பா நிக்கும், கத்தி ஆழமா போய் உள்பட்டையை மரம் சுத்தி வெட்டிட்டா மரமே செத்துரும். அதனால எப்பவும் சாய்ச்ச மரத்துலயே உரிங்க, இல்ல சாய்க்கப்போற மரமா பாத்து கேளுங்க. காடு திருத்துறப்போ இங்க நிறைய பிர்ச் விறகுக்குத்தான் போகுது, கேட்டா சந்தோஷமா குடுப்பாங்க.

பின்லாந்தோட காவியமான கலெவலால இந்த இடத்துக்குன்னே ஒரு கதை இருக்கு. அதோட நாயகன் வைனமொய்னன் விதைக்கிறதுக்காக காட்டையெல்லாம் வெட்டித் திருத்துறான், ஒரே ஒரு பிர்ச்சை மட்டும் விட்டு வைக்கிறான். கழுகு வந்து ஏன் இதை மட்டும் விட்டேன்னு கேக்குது. பறவைங்க வந்து உக்காரத்தான்னு சொல்றான். கழுகுக்கு மனசு நெகிழ்ந்து, வெட்டிப்போட்ட காட்டை எரிக்க அதுவே நெருப்பு தட்டிக் குடுக்குது.

அதே காவியத்துல 44வது பாட்டுல ஒரு பிர்ச் மரம் அழுதுகிட்டு நிக்குது. ஏன் அழுறேன்னு அவன் கேட்டா அது சொல்ற பதிலைக் கேளுங்க: வசந்தத்துல பிள்ளைங்க வந்து என்னைக் கீறி சாறு குடிக்குதுங்க, ஆடு மேய்க்கிறவங்க என் வெள்ளைப் பட்டையை உரிச்சு குவளையும் உறையும் பழக்கூடையும் பண்றாங்க, பொண்ணுங்க என் கொப்பை ஒடிச்சு குளியலுக்குக் கட்டு கட்டுறாங்க. நான் இதைப் படிச்சப்போ கொஞ்ச நேரம் மேல போகவே முடியல. அந்த மரம் சொல்ற ஒவ்வொரு குறையும் இன்னைக்கும் இங்க நடக்குற ஒரு கைத்தொழில். வைனமொய்னன் அதுகிட்ட அழாதேன்னு சொல்லி, அதே மரத்துல கந்தெலெ வாத்தியம் செஞ்சு வாசிக்கிறான்.

எப்போ வெட்டணும்

மார்ச் கடைசி, ஏப்ரல்ல பனி உருகி இலை துளிர் விடுறதுக்கு முன்னாடி மரத்துல சாறு ஏறும். மஹ்லான்னு பேரு. அதுல சர்க்கரை ஒரு சதவீதம் சுமார்தான் இருக்கும், தண்ணி மாதிரி தெளிவா மெல்லிசான இனிப்பா இருக்கும், ரெண்டு மூணு நாள்ல புளிச்சுரும், பதநீர் மாதிரிதான், இறக்கின கையோட குடிச்சுரணும்.

பட்டைக்கு நேரம் ஜூன் நடுவுல இருந்து ஜூலை வரைக்கும், யுஹன்னுஸ்ங்குற நடுக்கோடைப் பண்டிகையை ஒட்டி. அந்தப் பண்டிகைக்கு வீட்டு வாசல்ல ரெண்டு பக்கமும் இளம் பிர்ச்சை வெட்டி நட்டு வைப்பாங்க, நம்ம ஊர்ல வாழை கட்டுற மாதிரி. சவுனாங்குற நீராவிக் குளியல்ல உடம்பை அடிச்சுக்குற இலைக்கட்டும் அப்போதான் கட்டுவாங்க, மேற்குப் பக்கம் விஹ்தா, கிழக்குப் பக்கம் வஸ்தான்னு பேரு. ரெண்டு ஜாண் நீளக் கொப்பா எடுத்து, இலையோட பளபளப்புப் பக்கம் வெளிய இருக்குற மாதிரி அடுக்கி, ஒரு பச்சைக் கொப்பையே முறுக்கி கயிறாக்கி கட்டணும். 2020ல பின்லாந்தோட சவுனா பழக்கத்தை யுனெஸ்கோ பட்டியல்ல சேர்த்தாங்க.

ரஷ்யாவுல அந்தக் காலத்துல, கோடைத் தொடக்கத்துல வர்ற திரித்துவ ஞாயிறை ஒட்டி பொண்ணுங்க காட்டுக்குப் போய் நிக்கிற பிர்ச்சோட கொப்பையே வளைச்சுப் பின்னி வளையமாக்குவாங்க, அந்த வளையம் வழியா முத்தம் குடுத்து ஆயுசுக்கும் தோழிங்கன்னு சத்தியம் பண்ணிப்பாங்க.

கரண்டி மட்டும் போதும்னா குளிர்காலத்துல வெட்டுற மரம்தான் நல்லது, பூஞ்சை பிடிக்காது, நிறம் வெளுப்பா இருக்கும். பட்டையும் கரண்டியும் சேர்த்து வேணும்னா ஜூன் கடைசியில வெட்டிட்டு, கட்டையை ரெண்டு மூணு நாள்லயே வேலைக்கு எடுத்துருங்க. முடியலைன்னா பொளந்து, பிளாஸ்டிக் பையில சுத்தி ஃப்ரீசர்ல போடுங்க, மாசக்கணக்குல பச்சையாவே கிடக்கும்.

என்னென்ன வேணும்

ஒரு ரம்பம். 600ல இருந்து 900 கிராம் எடையுள்ள கைக்கோடாலி. நேர்க்கத்தி ஒண்ணு, கொக்கிக் கத்தி ஒண்ணு, நான் வெச்சிருக்குறது மோராங்குற கம்பெனியோட 106, 164. விலையும் கம்மி, ஸ்டீலும் நல்லா இருக்கும். அடிக்கட்டை ஒண்ணு, இடுப்புக்குக் கொஞ்சம் கீழ நிக்கிற உயரத்துல. கொட்டாப்புளி கடையில வாங்க வேணாம், அதே மரத்தோட கிளையில ஒரு முழம் வெட்டி ஒரு பாதியைக் கைப்பிடியா மெலிசு பண்ணுங்க, முடிஞ்சது.

சாணை பிடிக்கிறதை மட்டும் தள்ளிப் போடாதீங்க. மழுங்கின கத்திதான் கையை வெட்டும், ஏன்னா அதை நம்ம பலம் குடுத்துத் தள்றோம், வழுக்குது. முழங்கை ரோமத்தை மழிக்கிற கூர்மை வரணும். அரை மணி நேரத்துக்கு ஒரு தடவை தோல் வார்ல நாலு இழு இழுத்துக்குங்க.

படி 1: பட்டையை உரிக்கிறது

கட்டையை அறுக்குறதுக்கு முன்னாடி பட்டையை எடுத்துருங்க. சாய்ச்ச மரத்துல கணு இல்லாத ஒரு முழம் நீளத்தைப் பாத்து மேலயும் கீழயும் சுத்தி ஒரு கீறல் போடுங்க, அப்புறம் ரெண்டையும் சேக்குற மாதிரி நெடுக்கா ஒரு கீறல். வெளிப்பட்டை ஆழத்துக்கு மட்டும், ரெண்டு மூணு மில்லிமீட்டர். சரியான நேரத்துல வெட்டின மரமா இருந்தா கத்தி கடந்து போகப் போகவே பின்னாடி டப் டப்னு சின்னச் சத்தத்தோட பட்டை தானா வாய் திறக்கும். அந்த ஈர மஞ்சள் நிறம் வெளிய தெரியுற நொடி இருக்கே, எத்தனை தடவை பாத்தாலும் எனக்கு அலுக்கல. விரலை உள்ள விட்டு மெதுவா சுத்தி வந்தா முழு ஏடா கையில வந்துரும்.

வந்த உடனே அது மரத்துல இருந்ததுக்கு நேர் எதிரா, வெள்ளைப் பக்கம் உள்ள போற மாதிரி சுருட்டிக்கும். ரெண்டு பலகைக்கு நடுவுல வெச்சு மேல கல்லை ஏத்தி ஒரு வாரம் விடுங்க. வெயில்ல போடாதீங்க.

அந்த வெள்ளை நிறத்துக்குக் காரணம் பெட்டுலின்னு ஒரு பொருள். பட்டை உளுத்துப்போகாம இருக்குறதுலயும், மழையில நனைஞ்ச பட்டைகூட தீக்குச்சி வெச்சா பத்திக்கிறதுலயும் அதுக்குப் பங்கு உண்டு. அடுப்பு பத்த வைக்க இங்க எல்லார் வீட்லயும் ஒரு கூடை பிர்ச் பட்டை இருக்கும். இதே பட்டையைக் காத்து படாம சூடு பண்ணா கறுப்பா தார் வடியும். இத்தாலியில காம்பிதெல்லோங்குற இடத்துல கிடைச்ச கல் ஆயுதத்துல ஒட்டியிருந்த பிர்ச் தார் கிட்டத்தட்ட 2,00,000 வருஷம் பழசு, நியாண்டர்தால் ஜனங்க ஒட்டினது. டென்மார்க்ல 5,700 வருஷத்துக்கு முன்னாடி யாரோ ஒரு பொண்ணு மென்னு துப்பின தார் உருண்டையில இருந்து அவளோட முழு மரபணுவையே 2019ல படிச்சுட்டாங்க. 1991ல ஆல்ப்ஸ் பனியில உறைஞ்சு கிடைச்ச ஆதிகால ஓட்ஸி மனுசன்கிட்டயும் பிர்ச் பட்டைப் பாத்திரம் ரெண்டு இருந்துச்சு, ஒண்ணுல மேப்பிள் இலை சுத்தின கரித்துண்டு, கங்கை அணையாம தூக்கிட்டுப் போக.

எழுதவும் இதே பட்டைதான். நம்ம ஊர்ல மந்திரத் தகட்டுக்குப் பதிலா பூர்ஜ பத்திரம்னு சொல்லி விக்கிறாங்கல்ல, அது இமயமலையில வளர்ற பிர்ச்சோட பட்டை. பூர்ஜம்ங்குற சமஸ்கிருத வார்த்தையும் பிர்ச்ங்குற வார்த்தையும் ஒரே வேர்ல இருந்து வந்ததுங்க. 1881ல பெஷாவர் பக்கத்துல பக்ஷாலிங்குற ஊர்ல நிலத்துல இருந்து கிடைச்ச கணக்குச் சுவடி, சைபரைப் புள்ளியா எழுதியிருக்குற அந்தச் சுவடி, இதே பட்டைதான். ரஷ்யாவுல நோவ்கரோட்ல 1951 ஜூலை 26ல முதல் பட்டைக் கடிதம் மண்ணுக்குள்ள இருந்து வந்துச்சு, இதுவரைக்கும் ஆயிரத்துக்கு மேல கிடைச்சாச்சு. மை கிடையாது, பட்டையோட உள்பக்கம் மெத்துன்னு இருக்கும்போது எழுத்தாணியால கீறினது, நம்ம ஓலையில கீறின மாதிரியே. அதுல 13ம் நூற்றாண்டு ஒன்ஃபிம்னு ஒரு சின்னப் பையன் எழுத்து பழகின பட்டைங்களும் இருக்கு, பாதியில எழுத்தை விட்டுட்டு குதிரை மேல தான் உக்காந்து எதிரியைக் குத்துற மாதிரி படம் போட்டு வெச்சிருக்கான். மிச்சம் விழுற பட்டைத் துண்டுல ஒரு ஆணியால உங்க பேரைக் கீறிப் பாருங்க, எவ்வளவு சுகமா ஓடுதுன்னு தெரியும்.

படி 2: பொளக்குறது

12ல இருந்து 20 செ.மீ. விட்டமுள்ள கட்டையில ரம்பத்தால 28 செ.மீ. நீளம் அறுத்துக்குங்க. முனை வெடிப்பு இருந்தா அதைக் கழிச்சுட்டு அளங்க.

கட்டையை நிமித்தி வெச்சு, நட்ட நடுவுல இருக்குற குருத்துப் புள்ளி மேல கோடாலி வாயை வெச்சு, முதுகுல கொட்டாப்புளியால அடிங்க. கோடாலியை ஓங்கி வெட்டாதீங்க. மூணாவது நாலாவது அடியில சத்தம் மாறும், டொக் டொக்னு இருந்தது சர்ருனு கிழியுற சத்தமாகும், மூஞ்சியில ஈரத்தூறல் படும். பச்சை பிர்ச்சோட எடையில அஞ்சுல ரெண்டு பங்கு கிட்ட தண்ணிதான்.

ரம்பத்தால பலகை மாதிரி அறுத்தா என்னன்னு கேக்கலாம். ரம்பம் நேரா போகும், மரத்தோட நார் நேரா போகாது. நாரைக் குறுக்க வெட்டின கரண்டி கைப்பிடி என்னைக்காவது புட்டுக்கும். பொளந்தா நாரே வழி காட்டும், அந்த வழியிலேயே கைப்பிடி போனா விரல் தடிமன்ல இருந்தாக்கூட ஒடியாது. பொளந்த முகம் லேசா முறுக்கிக்கிட்டு இருந்தா அந்தக் கட்டையை அடுப்புக்குப் போட்டுட்டு வேற எடுங்க.

அடுத்தது முக்கியம்: குருத்தை எடுத்துரணும். மரம் காயும்போது வளையத்தோட வாக்குல சுருங்குறது அதிகம், நடுவுல இருந்து பட்டைப் பக்கமா சுருங்குறது அதைவிடக் கம்மிதான். குருத்து உள்ள இருந்தா இந்த ரெண்டு இழுப்பும் அங்க வந்து முட்டி, கரண்டி நடுவுல பிளந்துரும். பாதிக் கட்டையோட தட்டை முகத்துல இருந்து ஒரு விரல் கனத்தை கோடாலியால சீவித் தள்ளிட்டா கவலை இல்ல. கடைசியில 28 செ.மீ. நீளம், 6 செ.மீ. அகலம், 4 செ.மீ. கனம், இந்த அளவுக்கு ஒரு துண்டு கையில நிக்கணும்.

இயற்கையாவே வளைஞ்ச கிளை கிடைச்சா அதை விடாதீங்க. கரண்டிக்கு வேண்டிய வளைவு நார்லயே இருக்கும், தலையும் கைப்பிடியும் சேர்ற கழுத்து இரும்பு மாதிரி நிக்கும்.

படி 3: கோடாலி வேலை

பக்கவாட்டுல இருந்து பாக்குற வடிவத்தை முதல்ல வெட்டணும், மேல இருந்து பாக்குற வடிவம் அப்புறம்தான். நிறைய பேர் உடனே பென்சிலால கரண்டி படத்தைப் போட்டு வெட்ட ஆரம்பிச்சுருவாங்க, கடைசியில தட்டையா துடுப்பு மாதிரி ஒண்ணு வரும். தலை முனையில இருந்து மூணுல ஒரு பங்கு தூரத்துல கழுத்து. அந்த இடத்தை நோக்கி தலைப்பக்கம் இருந்து ஒரு சரிவு, கைப்பிடிப்பக்கம் இருந்து ஒரு சரிவு, மேல்முகத்துல லேசா பள்ளம் விழுற மாதிரி வெட்டுங்க. ரெண்டு சரிவும் கழுத்துல வந்து நிக்கணும், தாண்டக் கூடாது, தாண்டினா நாருக்குள்ள கோடாலி புகுந்து தலையைப் பொளந்துரும்.

அப்புறம் நடுக்கோடு போட்டு, ரெண்டு பக்கமும் சமமா வடிவத்தை வரைஞ்சு, கழுத்து வர்ற இடத்துல ரெண்டு பக்கமும் ரம்பத்தால கோடு வரைக்கும் ஒரு அறுப்பு. கைப்பிடியை மெலிசாக்கும்போது கிளம்புற சிராய் அந்த அறுப்புலயே நின்னுரும்.

பிடிச்சிருக்குற கை எப்பவும் கோடாலி விழுற இடத்துக்கு மேல இருக்கணும், கட்டை அடிக்கட்டையோட தூரப்பக்கத்துல நிக்கணும். கோடாலி தவறினா மரத்துல விழணும், உங்க தொடையில விழக்கூடாது. கழுத்தை ஒண்ணரை செ.மீ. கனத்துக்குக் கீழ கொண்டு போகாதீங்க. கோடாலியில எவ்வளவு முடியுமோ அவ்வளவு எடுத்துருங்க. அஞ்சு நிமிஷ கோடாலி வேலை ஒரு மணி நேரக் கத்தி வேலைக்குச் சமம்.

படி 4: நேர்க்கத்தி

மேட்டுல இருந்து பள்ளத்துக்கு. இது ஒண்ணு மனசுல நின்னா போதும். கைப்பிடியோட தடிமனான இடத்துல இருந்து மெலிசான இடத்துக்கு சீவுங்க, எதிர்ப்பக்கமா சீவினா கத்தி நாரைத் தூக்கி கிழிக்கும். கிழியுற உணர்வு கைக்கு வந்த உடனே நிறுத்தி கட்டையைத் திருப்பிக்குங்க.

பிடி மூணு பழகினா போதும். ஒண்ணு, கத்திப் பிடிச்ச கை அசையாம, மரம் பிடிச்ச கையோட கட்டைவிரல் கத்தி முதுகைத் தள்ளுறது. சின்னச் சின்ன இடத்துக்கு இதுதான். ரெண்டாவது, ரெண்டு கையையும் நெஞ்சுகிட்ட வெச்சு, கத்தி வாய் வெளிப்பக்கம் பாத்து, தோள்பட்டையை விரிச்சு வெட்டுறது. பலம் முதுகுல இருந்து வரும், கை வலிக்காது. மூணாவது, ஆப்பிள் தோல் சீவுற மாதிரி நம்மளப் பாத்து இழுக்குறது, இதுல கட்டைவிரல் கத்தி வர்ற பாதையில இருக்கவே கூடாது, மரத்துக்குப் பின்னாடி ஒளிச்சு வைங்க. கை நீட்டினா எட்டுற தூரத்துக்குள்ள குழந்தைங்களோ வேற யாருமோ உக்காராம பாத்துக்குங்க.

கழுத்துல மட்டும் ரெண்டு பக்கத்து நாரும் எதிரெதிரா வந்து சேரும். அங்க கொஞ்சம் இந்தப் பக்கம், கொஞ்சம் அந்தப் பக்கம்னு மாத்தி மாத்தி போங்க. அவசரப்பட்டா அங்கதான் படி விழும்.

படி 5: குழி எடுக்குறது

கொக்கிக் கத்தியால நெடுக்கா வெட்டாதீங்க, குறுக்க வெட்டுங்க. விளிம்புக்கு உள்ள ஒரு கோடு போட்டு, நடுவுல சின்னதா ஒரு பள்ளம் தோண்டி, அதை ஒவ்வொரு சுத்துக்கும் அகலப்படுத்திக்கிட்டே போனா வளைவு தானா சீரா வரும். கடைசிச் சுத்து மட்டும் மெல்லிசா, விளிம்புல இருந்து அடிக்கு இறங்குற மாதிரி ஒரே இழுப்பு. கண்ணால பாக்குறதை விட கட்டைவிரலை குழிக்குள்ளயும் ஆள்காட்டி விரலை வெளியவும் வெச்சு தடவிப் பாருங்க, கனம் எங்க அதிகம்னு விரல் சொல்லிரும். பச்சையா இருக்கும்போது விளிம்பு 5 மில்லிமீட்டர் இருக்கட்டும், காய்ஞ்சப்புறம் மூணுக்குக் கொண்டு வரலாம்.

படி 6: காய வைக்கிறது

இங்கதான் புதுசா பண்றவங்க கரண்டி பாதி வெடிக்குது. என்னோட முதல் ரெண்டு கரண்டியையும் சீக்கிரம் காயட்டும்னு ஹீட்டர் மேல வெச்சேன், காலையில பாத்தா தலை நுனியில இருந்து கழுத்து வரைக்கும் நீளமா விரிசல். சூடு வேணாம், காத்தும் வேணாம். வெட்டின சீவலோடயே காகிதப் பையில போட்டு, வீட்டுல குளிர்ச்சியான மூலையில வைங்க. ரெண்டு மூணு நாள் கழிச்சு சீவலைக் கொட்டிட்டு பையில மட்டும் வைங்க. பிளாஸ்டிக் பையில போட்டா ஒரே வாரத்துல கறுப்புப் பூஞ்சை பிடிக்கும்.

தினமும் சமையல் தராசுல எடை போட்டு பை மேலயே எழுதுங்க. முதல் நாள் சடசடன்னு குறையும், அப்புறம் மெதுவா, அப்புறம் நின்னுரும். எடை ரெண்டு நாளா அப்படியே நின்னா காய்ஞ்சாச்சுன்னு அர்த்தம். சாதாரணமா ஒரு வாரத்துல இருந்து ரெண்டு வாரம்.

காய்ஞ்சதும் கத்தியை நல்லா சாணை பிடிச்சு மேல மேல மெல்லிசா ஒரு சுத்து சீவுங்க. காய்ஞ்ச மரத்துல அந்த வெட்டு கண்ணாடி மாதிரி மின்னும். உப்புத்தாள் தேச்சா தப்பில்ல, ஆனா தண்ணி பட்டதும் நார் எழும்பி சொரசொரப்பாகும், கத்தி வெட்டின பரப்பு அப்படி ஆகாது.

படி 7: எண்ணெய்

ஆளிவிதை எண்ணெய், சமையலுக்கு விக்கிற செக்கு எண்ணெய். பெயின்ட் கடையில கொதிக்க வெச்சதுன்னு விக்கிறதுல சீக்கிரம் காய ரசாயனம் கலந்திருப்பாங்க, சாப்பாட்டுக் கரண்டிக்கு வேணாம். லேசா சூடாக்கி, தாராளமா தடவி, அரை மணி நேரம் கழிச்சு மிச்சத்தைத் துணியால துடைச்சுருங்க, வெளிச்சம் படுற ஜன்னல்ல ரெண்டு மூணு வாரம் வைங்க. இந்த எண்ணெய் காத்தோட சேர்ந்து இறுகுற எண்ணெய், இறுகும்போது சூடு கிளப்பும். அதனால துடைச்ச துணியைச் சுருட்டிக் குப்பையில போட்டா தானா தீப்பிடிக்கும், நிஜமாவே பிடிக்கும். வெளிய ஒத்தையா விரிச்சுக் காய வைங்க, இல்ல தண்ணியில நனைச்சுப் போடுங்க.

கழுவும்போது கையால கழுவுங்க, டிஷ்வாஷர்ல போடாதீங்க.

படி 8: பட்டைக் குவளை

லிப்பின்னு பேரு. காட்டுல ஊத்து இருக்குற இடத்துல தண்ணி குடிக்க மடிச்சது. நம்ம ஊர்ல பதநீர் குடிக்க பனை ஓலையில பட்டை மடிச்சுக் குடுப்பாங்களே, எனக்கு இதை முதல்ல பாத்தப்போ தூத்துக்குடி ரோட்டு ஓரம்தான் ஞாபகம் வந்துச்சு.

கல்லுக்கு அடியில இருந்த பட்டையை எடுத்து வெள்ளைப் பக்கத்துல உரிஞ்சு தொங்குற செதிலையெல்லாம் கையால உருவிருங்க. 20 செ.மீ.க்கு 20 செ.மீ. சதுரமா கத்தியால வெட்டி, நாலு மூலையையும் கொஞ்சம் உருட்டுங்க. விறைப்பா இருந்தா வெந்நீர்ல கால் மணி நேரம் போடுங்க, தோல் மாதிரி குழைஞ்சுரும். வெள்ளைப் பக்கம் உள்ள இருக்கட்டும், அதுதான் அது தானா சுருளுற பக்கம்.

சதுரத்தோட நட்ட நடுவுல விரலை வைங்க. அங்க இருந்து ஒரு ஓரத்தோட மையம் வரைக்கும் ஒரு மடிப்பு எடுங்க, சேலைக்கு கொசுவம் எடுக்குற மாதிரி. அந்த மடிப்பை வெளிப்பக்கமா தள்ளி பக்கச்சுவரோட ஒட்டினாப்புல சாய்ச்சா மிச்சம் எல்லாம் தானா எழும்பி கூம்பா நிக்கும். எங்கயும் வெட்டக் கூடாது, வெட்டு இல்லாததாலதான் ஒழுகாது. மடிப்பு பட்டையோட குறுக்குக் கோட்டுக்கு நேரா விழாம சாய்வா விழுற மாதிரி சதுரத்தைத் திருப்பிக்குங்க, இல்லன்னா கோட்டோட கிழியும்.

கைப்பிடிக்கு விரல் தடிமன்ல ஒரு பச்சைக் குச்சி, ரெண்டு முழம். ஒரு முனையில இருந்து ஒரு ஜாணுக்குக் கொஞ்சம் கம்மியா கத்தியால பொளந்து, பிளவு மேல ஓடாம இருக்க பிளவு முடியுற இடத்துல பட்டை நாரால இறுக்கி ஒரு கட்டு. பொளந்த வாய்க்குள்ள அந்த மடிப்பையும் விளிம்பையும் சேர்த்து சொருகுங்க. குச்சி காயக் காய இன்னும் இறுக்கிப் பிடிக்கும். வாய் திறந்தே இருக்கற மாதிரி தெரிஞ்சா நுனியிலயும் ஒரு கட்டு போட்டுக்குங்க.

தண்ணி ஊத்திப் பாருங்க. முதல் தடவை மடிப்போரமா ரெண்டு சொட்டு கசியும், பட்டை ஊறினதும் நின்னுரும். ஊத்துத் தண்ணியை அதுல குடிச்சா லேசா பட்டை வாசனை வரும். குடிச்சு முடிச்சு அதைப் பக்கத்துக் கிளையில கவுத்து மாட்டிட்டு வருவாங்க, அடுத்து அந்த வழியா வர்றவங்களுக்கு.